காலத்தைக் கைப்பற்றும் போர்



மண்ணுக்காகவும் பொன்னுக்காகவும் நடந்த போர்களைப் பற்றி நாம் நிறையக் கேட்டிருக்கிறோம். இன்று காலத்துக்காக நடந்த ஒரு போரைப் பற்றிச் சிறிது சிந்திப்போம். அப்போர் நடந்தது கதைகளில்தான். எனினும் அதன் நிழல் நம் வீட்டுச் சுவரில் தொங்கும் கடிகாரத்தின் மீதும் விழுந்திருக்கிறது.

1895-ஆம் ஆண்டில் எச்.ஜி. வெல்ஸ் என்னும் ஆங்கில ஆசிரியர் 'கால யந்திரம்' என்ற நவீனத்தை வெளியிட்டார். அதில் வரும் யாத்திரிகர் எட்டு லட்சம் ஆண்டுகளுக்கு அப்பால் சென்று, அங்குள்ளவற்றைக் கண்டு, திரும்பி வந்து நண்பர்களிடம் கூறுகிறார். சென்ற காலத்தை மாற்றியமைக்க அவர் முற்படவில்லை. பின் வந்த ஆசிரியர்களோ வேறொரு வினாவை எழுப்பினர். இத்தகைய யந்திரம் ஒரு தனி மனிதர் கையில் இல்லாமல், பகைமை கொண்ட இரு படைகளின் கையில் இருந்தால் என்னவாகும் என்பதே அவ்வினா.

அமெரிக்க ஆசிரியர் பிரிட்ஸ் லைபர் 1958-இல் எழுதிய 'பெருங்காலம்' என்ற கதை இதற்கு விடை கூற முயல்கிறது. அதில் சிலந்திகள் என்றும் பாம்புகள் என்றும் இரு கட்சிகள் உள்ளன. பல நூற்றாண்டுகளிலிருந்தும் வீரர்களைத் திரட்டி, நடந்து முடிந்த வரலாற்றைத் தத்தமக்குச் சாதகமாகத் திருத்துவதே அவற்றின் வேலை. இவ்வளவு பெரிய போரை ஆசிரியர் நமக்குக் காட்டுவது, களைத்த வீரர்கள் தங்கி இளைப்பாறும் ஒரே ஓர் இடத்தில் வைத்துத்தான். அவ்விடம் காலத்துக்கே புறம்பானது. உரோமானியனும் ஜெர்மானியனும் ஆங்கிலக் கவிஞனும் அங்கே ஒன்றாக அமர்ந்திருக்கின்றனர். தாம் யாருக்காகப் போரிடுகிறோம், எதற்காகப் போரிடுகிறோம் என்பது அவர்களுக்கே தெரியாது. ஆணையிடும் தலைவர்களை அவர்கள் கண்டதுமில்லை. வரலாறு மாறிக்கொண்டே இருப்பதால், தம் நினைவில் உள்ள தாயகம் இன்னும் இருக்கிறதா என்ற ஐயம் அவர்களை அரிக்கிறது. ஊரை விட்டு வந்த எவரும் அந்த ஐயத்தின் வேதனையை எளிதில் உணரலாம்.

ஐசக் அசிமோவ் 1955-இல் எழுதிய 'நித்தியத்தின் முடிவு' மற்றொரு கோணத்தைக் காட்டுகிறது. இங்கே காலத்தை ஆள்வோர் கொடியவர்கள் அல்லர். நல்லெண்ணம் கொண்ட உத்தியோகஸ்தர்கள். அலமாரியில் ஒரு பாத்திரத்தைச் சற்றே இடம் மாற்றி வைப்பது போன்ற சிறு செய்கையால், வரவிருக்கும் பெருந்தீங்கைத் தடுத்துவிடுவார்கள். ஆனால் ஒவ்வோர் ஆபத்தையும் அவர்கள் நீக்க நீக்க, மனித குலம் துணிவை இழக்கிறது. விண்மீன்களை நோக்கிப் புறப்படும் முயற்சியே தளர்ந்துபோகிறது. யாருடைய வாழ்வு மாற்றப்படுகிறதோ அவர்களை ஒரு வார்த்தை கேட்பதற்கு அங்கே எவருக்கும் தோன்றவில்லை. இறுதியில் அந்த அமைப்பே தோன்றாமல் போகும்படி விட்டுவிடுகிறான் கதாநாயகன்.

இவையெல்லாம் நடக்கக்கூடியவையா? ஐன்ஸ்டீனின் சார்புக் கொள்கைப்படி, விரைந்து செல்லும் கடிகாரம் மெதுவாக ஓடும். 1971-இல் அணுக் கடிகாரங்களை விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றிவரச் செய்து இக்கொள்கையைச் சோதித்தனர், வேறுபாடு தெரிந்தது. ஆனால் அது ஒரு விநாடியின் கோடியில் சில பங்குகளே. சென்ற நாளுக்குத் திரும்பும் வழியை இதுவரை எவரும் கண்டதில்லை.

யந்திரம் கிடைக்கவில்லையாயினும், காலத்தை யார் ஆள்வது என்ற பூசல் நம் நாட்டிலேயே நடந்திருக்கிறது. ஒருகாலத்தில் பம்பாய்க்கு ஒரு நேரம், கல்கத்தாவுக்கு ஒரு நேரம் இருந்தன. இரயில்களோ நெடுங்காலம் சென்னை வானாய்வுக்கூடத்தின் நேரப்படி ஓடின. 1906 ஜனவரி முதல் நாள், கிரீன்விச்சுக்கு ஐந்தரை மணி முந்திய ஒரே நேரத்தை ஆங்கில அரசாங்கம் அறிமுகப்படுத்தியது. சென்னைக்கு அது ஒன்பது நிமிட மாறுதல்தான். பம்பாய்க்கோ முப்பத்தொன்பது நிமிடங்கள். ஆலைச் சங்கு முன்னதாக ஊதிற்று, தொழிலாளர்கள் எதிர்த்தனர். பம்பாயில் பழைய நேரம் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் பிடிவாதமாக நிலைத்து நின்றது. அம்மக்கள் வெறுத்தது கடிகார முள்ளை அன்று. தம்மைக் கலந்து கொள்ளாமல் அதை நகர்த்திய கையைத்தான் வெறுத்தார்கள்.

இன்று தில்லியிலுள்ள தேசிய பௌதிக ஆய்வுக்கூடம் அணுக் கடிகாரங்களைக் கொண்டு நமது நேரத்தைக் காத்து வருகிறது. கல்கத்தாவில் வாழும் தமிழருக்கு விடிந்து வெகுநேரம் கழித்தே பம்பாயில் வாழும் தமிழருக்குப் பொழுது புலரும். ஆயினும் இருவரும் ஒரே மணிக்கு ஒரே ஒலிபரப்பைக் கேட்க முடிகிறது. அசாமின் தேயிலைத் தோட்டங்களில் மட்டும் கடிகாரத்தை ஒரு மணி முன்னதாக வைத்துக்கொள்ளும் பழைய வழக்கம் உண்டு. பொது நேரமும் தோட்ட நேரமும் அங்கே போரின்றி அடுத்தடுத்து வாழ்கின்றன.

கதைப்போரிலிருந்து நாம் கொள்ளத்தக்க பாடம் இதுவே. நடந்ததை மாற்ற யந்திரம் வேண்டியதில்லை. பொய்யெழுதத் துணிந்த ஒரு பேனாவே போதும். ஆதலால் சென்ற காலத்தை உள்ளபடி காத்து வைப்போம். வருங்காலத்தை மாற்ற எண்ணும்போது, அதில் வாழப்போகிறவர்களையும் ஒரு வார்த்தை கேட்போம்.