பட்டதாரிகளுக்கென்று ஒரு தொகுதி இருந்தது

(முன்னாள் மாணவர் சங்க ஆண்டுக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



சிவில் இன்ஜினியரிடம் மைக்கைக் கொடுத்தால் சிமெண்ட் பற்றித்தான் பேசுவான் என்று பயப்பட வேண்டாம். இன்று கொஞ்சம் சரித்திரம் பேசப் போகிறேன்.

2011 சட்டமன்றத் தேர்தல் சமயம். நம்ம ஹாஸ்டல் மெஸ்ஸில் பெரிய விவாதம். "படிச்சவனுக்கு மட்டும்தான் ஓட்டு இருக்கணும்" என்று மேஜையைத் தட்டிப் பேசினவன் நான்தான். இதோ, முன்வரிசையில் சிரிக்கிற ரெண்டு பேர் அதற்குச் சாட்சி. லீவுக்கு ஊருக்குப் போனபோது அம்மாவிடமும் அதையே சொன்னேன். அம்மா சித்தாள் வேலை பார்த்து என்னைப் படிக்க வைத்தவர். கையெழுத்துப் போடத் தெரியாது. "அப்ப எனக்கு இல்லையாடா?" என்று மட்டும் கேட்டார். என்னிடம் பதில் இல்லை.

சில வருஷம் கழித்து, வேலை விஷயமாகப் பூண்டிக்குப் போனேன். சென்னைக்குக் குடிநீர் தருகிற அந்த நீர்த்தேக்கத்துக்கு சத்தியமூர்த்தி சாகர் என்று பெயர். யார் இந்த சத்தியமூர்த்தி என்று படிக்க ஆரம்பித்தேன். படிக்கப் படிக்க ஓர் ஆச்சரியம். நான் மெஸ்ஸில் கேட்ட தொகுதி நிஜமாகவே இருந்திருக்கிறது! அதன் பெயர் சென்னைப் பல்கலைக்கழகத் தொகுதி.

பிரிட்டனில் ஆக்ஸ்போர்டு, கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகங்களுக்கு 1603-லிருந்தே பார்லிமெண்டில் இடம் உண்டு. அந்த வழக்கத்தைத்தான் இங்கேயும் கொண்டு வந்தார்கள். முதலில் பல்கலைக்கழக செனட்டுக்கு மட்டும் இருந்த உரிமை, 1919 சீர்திருத்தத்துக்குப் பிறகு பட்டம் வாங்கிச் சில வருஷம் ஆனவர்களுக்கும் கிடைத்தது. மற்ற தொகுதிகளுக்கு ஆறு, மலை, தாலுகா என்று எல்லை இருக்கும். இதற்கு எல்லையே டிகிரி சர்டிபிகேட்தான்!

1920-ல் நடந்த முதல் தேர்தலை எடுத்துக்கொள்ளுங்கள். சென்னை மாகாணத்தின் ஜனத்தொகை 4 கோடிக்கு மேல். ஓட்டுரிமை இருந்தது 12 லட்சம் சொச்சம் பேருக்கு. சொத்து இருக்க வேண்டும், வரி கட்ட வேண்டும். அந்தத் தகுதியோடு டிகிரியும் இருந்துவிட்டால் பொதுத் தொகுதியில் ஒரு ஓட்டு, பல்கலைக்கழகத் தொகுதியில் இன்னொரு ஓட்டு. என் அம்மா மாதிரி ஆட்களுக்கு ஒன்றுகூடக் கிடையாது.

அந்தத் தொகுதி சாமானியர்களை அனுப்பவில்லை என்பதையும் சொல்லத்தான் வேண்டும். 1920-களில் சத்தியமூர்த்தி அதன் உறுப்பினராக இருந்து ஆங்கில அரசைக் கேள்வி கேட்டுத் திணறடித்தவர். 1937 தேர்தலில் சட்டசபைக்கு 215 இடங்கள். அதில் பல்கலைக்கழகத்துக்கு ஒன்றே ஒன்று. அங்கே நிற்க விரும்பிய சத்தியமூர்த்தி, ராஜாஜிக்காக விலகிக்கொண்டார். ராஜாஜி ஜெயித்து மாகாணத்தின் பிரதமரானார். சத்தியமூர்த்திக்கு மந்திரிசபையில் இடம் கிடைக்கவில்லை. 

அந்த ஒற்றைத் தொகுதியிலிருந்து வந்தவர் மாகாணம் முழுவதையும் ஆண்டார். 1938-ல் பள்ளிகளில் இந்தி கட்டாயமானது. எதிர்த்தவர்கள் தெருவில் இறங்கினார்கள், ஜெயிலுக்குப் போனார்கள். அவர்களில் டிகிரி வாங்காத ஒருவர்கூட ராஜாஜியின் தொகுதியில் வாக்காளராக இருந்திருக்க முடியாது. ஆள் நல்லவரா, கெட்டிக்காரரா என்பதல்ல பிரச்சினை. அவர் யாரிடம் திரும்பி வந்து ஓட்டுக் கேட்க வேண்டும் என்பதுதான் பிரச்சினை.

சத்தியமூர்த்தி 1939-ல் சென்னை மேயரானார். நகரத்தின் தண்ணீர்க் கஷ்டத்தைத் தீர்க்கப் பூண்டித் திட்டத்துக்குப் பாடுபட்டார். 1940-ல் அடிக்கல் நாட்டினார்கள். 1943-ல் அவர் காலமானார். அணை 1944-ல் முடிந்தது. டிகிரி உள்ளவரா என்று பார்த்து அந்தத் தண்ணீர் குழாயில் வருவதில்லை.

சுதந்திரத்துக்குப் பிறகு நம் அரசியல் சட்டம் வயது வந்த எல்லோருக்கும் ஓட்டு என்றது. சட்டசபையில் பல்கலைக்கழக இடம் மறைந்தது. பிரிட்டனிலும் 1948-ல் சட்டம் போட்டு எடுத்துவிட்டார்கள். ஆனால் நம் மேல்சபையில் பட்டதாரிகள் தொகுதி என்று ஒரு வால் ஒட்டிக்கொண்டிருந்தது. 1986 நவம்பரில் மேல்சபையே கலைக்கப்பட்டபோது தமிழ்நாட்டில் அதுவும் போயிற்று. கர்நாடகம், ஆந்திரா முதலிய ஆறு மாநிலங்களில் இன்னமும் இருக்கிறது.

தொகுதி போனாலும் அந்த நினைப்பு நம்மைவிட்டுப் போகவில்லை. ஹாஸ்டல் மெஸ்ஸிலும் ஆபீஸ் கேண்டீனிலும் இன்றைக்கும் கேட்கிறேன். இன்னொன்றையும் வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன். மேஜையைத் தட்டிப் பேசின நான், அதற்குப் பிறகு வந்த ஒரு தேர்தலில் சைட் வேலை என்று சாக்குச் சொல்லி ஓட்டே போடவில்லை. அன்று அம்மா காலை ஏழு மணிக்கே வரிசையில் நின்றிருக்கிறார். எங்கள் தெருக் குழாயில் எந்தக் கிழமை தண்ணீர் வராது, யாரிடம் சொன்னால் வரும் என்று அம்மாவுக்குத் தெரியும். குடம் தூக்குகிறவர் அவர்தானே. குடிநீர்த் திட்டம் போடுகிற எனக்குத் தெரியாது.

போன தேர்தலில் அம்மாவோடு சேர்ந்து அதே வரிசையில் நின்றேன். இருவர் விரலிலும் ஒரே மை. வெளியே வந்ததும், "அன்னைக்குக் கேட்டியேம்மா, உனக்கும் உண்டு" என்றேன். அம்மாவுக்கு ஞாபகமே இல்லை. "என்னடா உளர்றே?" என்றார்.

மாணவத் தம்பி, தங்கைகளே, டிகிரி நல்லபடியாக வாங்குங்கள். ஓட்டுச்சாவடியில் அதை யாரும் கேட்க மாட்டார்கள். கேட்காமல் இருப்பதற்குப் பின்னால் பெரிய சரித்திரம் இருக்கிறது.