கதவு எண் இல்லாத மாணாக்கர்

(இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



தமிழில் 'இல்' என்னும் சொல் இருபொருள் தரும். வீடு என்பது ஒன்று. இன்மை என்பது மற்றொன்று. இல்லம், இல்லறம், இல்லாள் என்பன முதற்பொருளில் கிளைத்தவை. இல்லை, இல்லாமை, இல்லான் என்பன இரண்டாம் பொருளில் கிளைத்தவை. வடிவத்தால் ஒன்றாகிப் பொருளால் எதிரெதிரே நிற்கும் இவ்விரு சொற்களும் ஒரு பிள்ளையின் வாழ்வில் சந்திக்கும் இடம் ஒன்று உண்டு. பள்ளிச் சேர்க்கை விண்ணப்பத்தில் 'வீட்டு முகவரி, கதவு எண்' என்று அச்சிட்ட வரியே அது. வீடற்ற பிள்ளைகளின் கல்வி குறித்த இவ்வுரை அந்த வரியிலிருந்தே தொடங்க வேண்டியதாகிறது.

2011ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் வீடற்றோரை எண்ணுவதற்கென ஓரிரவு ஒதுக்கப்பட்டது. பிப்ரவரி 28ஆம் நாள் இரவு. தெருவோரம், நடைபாதை, மேம்பாலத்தின் அடி, மாடிப்படியின் கீழ், பெருங்குழாய்களின் உட்புறம், வழிபாட்டிடம், மண்டபம், இரயில் நடைமேடை என்று உறங்குமிடங்களைக் கணக்கெடுப்புத் துறையே பட்டியலிட்டது. நாடு முழுவதும் 17 லட்சத்துக்கும் மேற்பட்டோர் அவ்வாறு எண்ணப்பட்டனர். அவர்களுள் பாதிக்கும் மேலானோர் நகரங்களில் இருந்தனர். ஓரிரவில் கண்ணிற்பட்டோரின் தொகை இது. அன்றிரவு கண்ணிற்படாமல் ஒதுங்கியோர் எத்தொகையிலும் சேரார்.

சென்னையின் பாரிமுனை, சௌகார்பேட்டை, இராயபுரம் பகுதிகளின் நடைபாதைகளில் தலைமுறை தலைமுறையாக வாழும் குடும்பங்கள் உண்டு. நேற்று வண்டியேறி வந்தவர்கள் என்று அவர்களை நினைப்பது தவறு. மூட்டை தூக்கியும், வண்டி இழுத்தும், பூக்கட்டியும், வீட்டுவேலை செய்தும் அந்நகரைத் தாங்குவோர் அவர்கள். அக்குடும்பங்களில் மூன்றாம் வகுப்புப் பயிலும் சிறுமி ஒருத்தியை எண்ணிப் பாருங்கள். கடைகள் கதவை இழுத்து மூடிய பிறகே அவளுக்குப் படுக்க இடம் கிடைக்கும். கடை திறக்குமுன் எழுந்துவிட வேண்டும். இடையில் மழை வந்தால் உறக்கம் போயிற்று. குளிப்பதற்குக் கட்டணக் கழிப்பிடம். புத்தகப்பை இரவில் தலையணை. நடைபாதையை ஒழுங்கு செய்ய வரும் வண்டி மூட்டை முடிச்சுகளை ஏற்றிச் செல்லும் நாளில் பாடநூலும் சான்றிதழும் அவற்றோடு போய்விடும். மறுநாள் வகுப்பில் அவள் தூங்கி விழுந்தால் 'படிப்பில் நாட்டமில்லை' என்று எழுதிவிடுவது எளிது.

சட்டம் அவளைக் கைவிட்டுவிடவில்லை. 2010 ஏப்ரல் முதல் நாள் நடைமுறைக்கு வந்த கல்வி உரிமைச் சட்டம், 6 முதல் 14 வயது வரையுள்ள ஒவ்வொரு பிள்ளைக்கும் கட்டணமில்லாத கல்வியை உரிமையாக்கியது. வயதுச் சான்று இல்லையென்று சேர்க்கையை மறுக்கக் கூடாது என்கிறது அச்சட்டம். மாற்றுச் சான்றிதழ் வரத் தாழ்ந்தால் அதனைக் காரணம் காட்டி நிறுத்தி வைக்கலாகாது என்கிறது. பள்ளியை விட்டு நின்ற பிள்ளையை வயதுக்கேற்ற வகுப்பில் சேர்த்துச் சிறப்புப் பயிற்சி தர வேண்டும் என்கிறது. இடம்பெயர்ந்து வரும் குடும்பங்களின் பிள்ளைகளைச் சேர்ப்பது உள்ளாட்சியின் கடமை என்கிறது. இவை பெரும் பேறுகள். ஆயின் இவையனைத்தும் பள்ளியின் வாயிலைத் திறப்பவை. உள்ளே வந்த பிள்ளையை அங்கேயே நிலைக்கச் செய்வது வேறொரு பணி.

அவ்வேறுபாட்டை அறிய அமெரிக்க நாட்டின் சட்டம் ஒன்றை ஒப்பிட்டுப் பார்க்கலாம். 1987இல் இயற்றப்பட்டுப் பின்னர் மெக்கின்னி-வென்டோ சட்டம் எனப் பெயர் பெற்றது அது. நிலையான, ஒழுங்கான, போதுமான இரவுத் தங்கிடம் இல்லாத பிள்ளையை அது வீடற்ற பிள்ளை என்று வரையறுக்கிறது. தெருவில் கிடப்போர் மட்டுமின்றி, வீடிழந்து உறவினர் வீட்டில் ஒண்டியிருப்போரும், மலிவு விடுதியிலும் காரிலும் உறங்குவோரும், பெற்றோர் துணையின்றி அலையும் இளைஞரும் அதனுள் அடங்குவர். அப்பிள்ளைகளைச் சான்றுகள் இல்லாமலே உடனடியாகச் சேர்க்க வேண்டும். ஒவ்வொரு கல்வி மாவட்டத்திலும் அவர்களைத் தேடிக் கண்டறிய ஓர் அலுவலர் இருக்க வேண்டும். எல்லாவற்றினும் மேலாக, குடும்பம் எங்கே பெயர்ந்தாலும், பிள்ளையின் நலனுக்கு உகந்ததாயின், முன்பு படித்த பள்ளியிலேயே தொடர்ந்து படிக்கும் உரிமை உண்டு. பெற்றோர் கேட்டால் போய்வரும் வசதியும் செய்து தர வேண்டும். அச்சட்டம் வீடின்மையை ஒழித்துவிடவில்லை. அண்மை ஆண்டுகளில் அங்கே ஆண்டுதோறும் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட மாணவர் வீடற்றோராகக் கணக்கிடப்படுகின்றனர். எனினும், வீடு அசையும்போது பள்ளியாவது அசையாமல் நிற்கட்டும் என்னும் கருத்து அச்சட்டத்தின் உயிராக விளங்குகிறது.

இந்தியச் சட்டத்தில் வேறு பள்ளிக்கு மாறிச் செல்லும் உரிமை உண்டு. பழைய பள்ளியில் நிலைத்திருக்க வழி செய்யும் விதி இல்லை. இக்குறையின் விளைவைச் சென்னை கண்டிருக்கிறது. 2000ஆம் ஆண்டளவில் கண்ணகி நகர் எழுந்தது. பின்னர்ச் செம்மஞ்சேரியும் பெரும்பாக்கமும் எழுந்தன. 2015 டிசம்பர் பெருவெள்ளத்துக்குப் பின் அடையாறு, கூவம் கரைகளில் வாழ்ந்த குடும்பங்கள் அப்பகுதிகளுக்குப் பெயர்க்கப்பட்டன. அப்போது கல்வியாண்டின் நடுப்பகுதி. அரையாண்டுத் தேர்வும் பொதுத்தேர்வும் முன்னிற்க, பழைய பள்ளியோ பல கிலோமீட்டர் தொலைவில். பேருந்துக் கட்டணம் இல்லாமற் போகலாம். பொழுது விடியுமுன் புறப்பட்டு இருட்டிய பின் திரும்பும் பயணத்தை ஒரு பிள்ளை எத்தனை நாள் தாங்கும்? கூரை கிடைத்தது; பள்ளி நழுவியது. பதினான்கைக் கடந்தவர்க்கோ சட்டத்தின் இந்தக் காப்பும் இல்லை. பத்தாம் வகுப்பை எட்டும் வேளையில், சாதிச் சான்றும் இருப்பிடச் சான்றும் கேட்கப்படும் வேளையில், அவர்கள் தனித்து விடப்படுகின்றனர்.

வீடின்மைக்குப் பள்ளி என்ன செய்ய முடியும் என்று கேட்போர் உளர். பசிக்குப் பள்ளி என்ன செய்யும் என்றும் ஒருகாலத்தில் கேட்டிருக்கலாம். 1920இல் சென்னை மாநகராட்சி, ஆயிரம்விளக்குப் பகுதிப் பள்ளியில் பிள்ளைகளுக்கு உணவளித்தது. காமராசர் ஆட்சியில் மதிய உணவு தமிழகமெங்கும் பரவியது. 1982இல் எம்.ஜி.ஆர். ஆட்சியில் அது சத்துணவாக விரிந்தது. 2022இல் காலைச் சிற்றுண்டியும் சேர்ந்தது. வெறும் வயிற்றில் எழுத்து ஏறாது என்பதை ஒப்புக்கொண்ட நாடு இது. உறங்காத கண்ணிலும் எழுத்து ஏறாது என்பதை ஒப்புக்கொள்வது அடுத்த படி. மாலையில் பூட்டப்படாத ஒரு வகுப்பறை, புத்தகம் வைத்துச் செல்ல ஓர் அடுக்கு, காலையில் முகங்கழுவ நீர், தங்குமிடத்துக்கும் பள்ளிக்கும் இடையே பொறுப்பேற்கும் ஓர் ஆசிரியர்: இவை பெருஞ்செலவில்லாதவை. மாணவருக்கென வழங்கப்படும் எமிஸ் எண்ணில் படிப்பு விவரங்கள் பதிவாகியிருக்க, தொலைந்த காகிதத்தைக் காட்டித் திருப்பி அனுப்பவும் இனிக் காரணமில்லை.

இந்நாட்டில் திண்ணை என்று ஒன்று இருந்தது. வழிப்போக்கன் இரவில் தலைசாய்த்தது திண்ணையில். பகலில் பிள்ளைகள் மணலில் விரல்வைத்து எழுதப் பழகியதும் திண்ணையில். அத்திண்ணை எல்லாச் சாதிப் பிள்ளைகளையும் ஏற்றுக்கொள்ளவில்லை என்பதை மறைக்க வேண்டியதில்லை. ஆகவே அதன் பழம்பெருமை பேசிப் பயனில்லை. தங்கவும் கற்கவும் ஒரே இடம் உதவக்கூடும் என்னும் எண்ணத்தை மட்டும் அதிலிருந்து எடுத்துக்கொண்டு, எல்லார்க்கும் உரியதாக்குவது இக்காலத்தின் கடன்.

இறுதியாக, கவிஞர் பெருமக்களிடம் ஒரு சொல். தமிழ்க் கவிதையில் நடைபாதைச் சிறுவன் பலமுறை வந்துள்ளான். பெரும்பாலும் அவன் உறங்குகிறான். அல்லது கை நீட்டுகிறான். கணக்கில் இடறி நிற்பவனாக, வீட்டுப்பாடம் முடிக்காமல் அஞ்சுபவனாக, ஒரு மாணவனாக அவன் வருவது அரிது. இரக்கத்துக்கு உரியவன் என்று அவனைப் பாடிப் பாடி, உரிமைக்கு உரியவன் என்பதை மறந்துவிடும் இடர் உண்டு. மற்றொரு பழக்கமும் உண்டு. சென்னை உயர் நீதிமன்றத்தின் முதல் இந்திய நீதிபதியான முத்துசாமி ஐயர் தெருவிளக்கின் ஒளியில் படித்தார் என்று மேடைதோறும் எடுத்துக்காட்டுவர். அந்நீதிமன்றத்துள் அவர்க்குச் சிலை உண்டு. அதற்கு எதிரே விரியும் தெருக்களிலும் விளக்குகள் உண்டு; அவற்றின் கீழே பிள்ளைகளும் உண்டு. ஒருவர் உயர்ந்த கதை, மற்றவர்க்கு விளக்கே போதும் என்று சொல்வதற்குச் சான்றாகிவிடக் கூடாது.

பத்தாண்டுகள் சொல்லைப் பேணிய இவ்வட்டம் செய்யக்கூடிய சிறுபணி ஒன்று உண்டு. வரும் ஜூன் மாதத்தில் உறுப்பினர் ஒவ்வொருவரும் ஒரு பிள்ளையோடு ஒரு பள்ளியின் வாயில்வரை நடந்து செல்லலாம். விண்ணப்பத்தை உடனிருந்து நிரப்பலாம். சான்று கேட்டுத் திருப்பி அனுப்பினால் சட்டம் கூறுவதைப் பணிவோடு எடுத்துரைக்கலாம். சேர்த்ததோடு நில்லாமல், அரையாண்டுத் தேர்வின்போது அப்பிள்ளை இன்னும் வருகிறாளா என்று ஒருமுறை சென்று பார்க்கலாம். கதவு எண் கேட்கும் அந்த வரி வெறுமையாகவே இருக்கட்டும். அதன் பொருட்டு ஒரு பெயர் வருகைப் பதிவேட்டிலிருந்து விடுபடாதிருக்கட்டும்.