நோயும் நூலும்: பால் கலாநிதியின் வாழ்வும் எழுத்தும்

(வட்டத்தின் பத்தாமாண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரை)



பத்தாண்டுகள் ஓர் இலக்கிய வட்டம் இடையறாது இயங்குவது எளிய செயலன்று. மாதந்தோறும் கூடி, படைத்ததைப் படித்து, படித்ததை ஆராய்ந்து வந்த இவ்வவையில், சற்றே கனமான பொருள் ஒன்றைப் பேச எண்ணுகிறேன். நோயுற்ற ஒருவர் எழுதும் நூல் நமக்கு எதைத் தருகிறது? நலவாழ்வு நூல்கள் தரும் உறுதிமொழிக்கும் இலக்கியம் தரும் உண்மைக்கும் இடையே உள்ள தொலைவு எவ்வளவு? இவ்விரு வினாக்களுக்கும் விடை தேட, பால் கலாநிதி என்னும் மருத்துவரின் வாழ்வைத் துணையாகக் கொள்கிறேன்.

கலாநிதி என்னும் பெயரைக் கேட்டவுடனேயே நம்மவர் என்று உணர்வீர்கள். ஈழத்தில் முனைவர் பட்டம் பெற்றவரைக் கலாநிதி என்றே அழைப்பர். தமிழகத்திலிருந்து அமெரிக்கா சென்ற குடும்பத்தில் 1977ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாள் பிறந்தவர் இவர்.

நூறாண்டு வாழும் வேட்கை

உடல்நலம் பற்றி எழுதுவது நம் மண்ணுக்குப் புதிதன்று. திருக்குறளில் மருந்து ஓர் அதிகாரம். சித்தர் மரபோ உடம்பையே கோயிலாகக் கண்டது. அண்மைக் காலத்தில் இத்துறைக்கு உரைநடை வடிவம் தந்தோருள் முதன்மையானவர் மறைமலையடிகள். நாம் நாள்தோறும் கடந்து செல்லும் மறைமலைநகர் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. பல்லாவரத்தில் வாழ்ந்து தனித்தமிழ் வளர்த்த அப்பெருமகனார், 'மக்கள் நூறாண்டு உயிர்வாழ்க்கை' என்னும் நூலையும் இயற்றினார். உணவு, உறக்கம், மனவடக்கம் ஆகியவற்றால் வாழ்நாளை நீட்டலாம் என்பது அந்நூல் வகுத்த நெறி. 1876இல் பிறந்த அடிகள் 1950இல் மறைந்தார். எழுபத்து நான்கு ஆண்டுகள் அவர்க்கு வாய்த்தன. நூறு நிறையவில்லை என்பதால் அந்நூல் பொய்யாகிவிடாது. அளவான உணவும் அமைதியான உறக்கமும் இன்றும் நன்மையே தருவன. ஆனால் நெறிப்படி வாழ்ந்தார்க்கு நோய் வராது என்று எந்நூலும் உறுதி கூற இயலாது என்பதும் உண்மை.

பால் கலாநிதிக்கு வாய்த்தவை முப்பத்தேழு ஆண்டுகள். அடிகளின் வாழ்நாளில் ஏறத்தாழப் பாதி. அவர் புகை பிடித்தவருமல்லர். எனினும் 2013ஆம் ஆண்டு மே மாதம், தம் முப்பத்தாறாம் வயதில், நான்காம் நிலையை எட்டிய நுரையீரல் புற்றுநோய் தம்மைப் பற்றியிருப்பதை அறிந்தார்.

இலக்கியத்திலிருந்து மருத்துவத்திற்கு

இவர் வாழ்வில் நம்மனையோர் கருத்தை ஈர்ப்பது, இவர் இலக்கியத்தின் வழியாக மருத்துவத்தை அடைந்தவர் என்பதேயாகும். தந்தை கிறித்தவர், இதய மருத்துவர். தாய் இந்து. இரு குடும்பத்தாரும் விரும்பாத திருமணம் அவர்களுடையது. பாலுக்குப் பத்து வயதானபோது குடும்பம் அரிசோனாப் பாலைநிலத்தில் உள்ள கிங்மன் என்னும் சிற்றூருக்குக் குடிபெயர்ந்தது. அங்குள்ள பள்ளிகளின் தரம் கண்டு அஞ்சிய தாய், சிறந்த நூல்களின் பட்டியல் ஒன்றைத் தேடிப்பெற்று மகனைப் படிக்க வைத்தார். அப்பத்து வயதிலேயே ஜார்ஜ் ஆர்வெல்லின் '1984' அவர் கையில் தவழ்ந்தது. பிள்ளைகளுக்கு என்ன படிக்கக் கொடுப்பது என்று என்னிடம் வினவும் பெற்றோர்க்கெல்லாம் இத்தாயை நான் எடுத்துக்காட்டுவது வழக்கம்.

ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியமும் மனித உயிரியலும் பயின்றார். முதுகலை ஆய்வுக்கு வால்ட் விட்மனை எடுத்துக்கொண்டார். கேம்பிரிட்ஜில் அறிவியல், மருத்துவம் ஆகியவற்றின் வரலாறும் மெய்யியலும் கற்றார். அதன் பின்னரே யேல் மருத்துவக் கல்லூரியில் சேர்ந்து 2007இல் பட்டம் பெற்றார். வாழ்க்கைக்குப் பொருள் தருவது யாது என்னும் வினாவை நூல்களில் தேடியவர், அவ்வினா உயிரோடும் குருதியோடும் எழுகின்ற இடம் மருத்துவமனையே என்று தெளிந்தார். மொழியும் நினைவும் தன்னுணர்வும் குடிகொண்ட மூளையைத் தொட்டுப் பணி செய்யும் நரம்பு அறுவை மருத்துவத்தைத் தேர்ந்தார்.

மருந்தின் நாற்கூறு

நோயுற்றவர், மருத்துவர், மருந்து, உடனிருந்து பேணுபவர் ஆகிய நான்கும் கூடியதே மருத்துவம் என்று வள்ளுவர் வகுத்துள்ளார். நம் மாணவர்கள் தேர்வுக்காக மனப்பாடம் செய்யும் இப்பாகுபாட்டின் ஆழம், பால் கலாநிதியின் நூலைப் படித்தபோதுதான் எனக்கு முழுமையாக விளங்கிற்று.

மருத்துவர் என்னும் கூற்றில் நின்றவர், பயிற்சி முடியுமுன்பே நோயுற்றவர் என்னும் கூற்றுக்கு மாற நேர்ந்தது. பிறர்க்கு எத்தனையோ முறை விளக்கிய படங்களைத் தம் உடலின் படங்களாகவே பார்க்க நேர்ந்தது. மருந்தும் அவர்க்கு வாய்த்தது. அவருடைய புற்றணுக்களில் குறிப்பிட்ட மரபணு மாற்றம் இருந்தது. அணுக்களைப் பெருகுமாறு தூண்டும் குறிப்பினைத் தடுக்கும் எர்லோட்டினிப் என்னும் மாத்திரை அத்தகைய நோய்க்கு ஏற்றது. அதனால் நோய் அடங்கியது. மீண்டும் அறுவைக்கூடத்திற்குச் சென்று பணியாற்றினார். ஆயினும் இவ்வகை மருந்துகளை எதிர்க்கும் ஆற்றலைப் புற்றணுக்கள் காலப்போக்கில் பெற்றுவிடுவதுண்டு. அவர்க்கும் நோய் திரும்பியது. பின்னர் வேதிமருத்துவம் தொடங்கிற்று.

அவரைக் கவனித்த பெண் மருத்துவர், இன்னும் எத்தனை ஆண்டு என்னும் கணக்கைப் பேச மறுத்தார்; நோயாளிக்கு எது முதன்மை என்பதையே திரும்பத் திரும்ப வினவினார். எஞ்சிய காலத்தின் அளவு தெரிந்தால் மருத்துவம் செய்வதா, எழுதுவதா, குடும்பத்தோடு இருப்பதா என முடிவு செய்யலாமே என்று இவர் தவித்தார். அத்தவிப்பே 2014 சனவரியில் நியூயார்க் டைம்ஸ் நாளிதழில் கட்டுரையாக வெளிவந்து, உலகெங்கும் அவரை அறிமுகம் செய்தது. அவ்வாண்டு சூலை 4ஆம் நாள் மகள் பிறந்தாள். சாவை எதிர்நோக்கியிருப்பவர் குழந்தை பெறலாமா என்று நம் ஊரிலும் கேட்பார்கள். கணவனும் மனைவியும் அதனை எண்ணிப் பார்த்தே முடிவெடுத்தனர். துன்பத்தை விலக்குவதே வாழ்வின் நோக்கம் அன்று என்பது அவர்கள் கண்ட விடை.

நான்காம் கூறாகிய பேணுபவர், அவர் மனைவி லூசி. அவரும் மருத்துவரே. வேதிமருந்தால் கணவரின் விரல்நுனிகள் வெடித்துத் தட்டெழுத இயலாமற் போனபோது, வெள்ளியிழை சேர்ந்த தையலற்ற கையுறைகளை அணிந்து அவர் எழுதியதை, நூலின் பின்னுரையில் லூசி பதிவு செய்துள்ளார். கவிஞர்களே, மனநிலை வாய்க்கவில்லை என்று நாம் எழுதாமல் விடும் நாட்களோடு அந்தக் கையுறைகளை ஒப்பிட்டுப் பாருங்கள்.

2015 மார்ச்சு 9ஆம் நாள் அவர் மறைந்தார். மகளுக்கு அப்போது எட்டு மாதம். மூச்சுக் குழாய் பொருத்தி உயிரை நீட்டிப்பதை வேண்டாம் என்று அவரே தெளிந்த அறிவோடு முடிவு செய்தார். அவர் நூல் 2016 சனவரியில் வெளிவந்தது. மூச்சு காற்றாக மாறும் பொழுதைச் சுட்டும் அதன் தலைப்பு, ஃபுல்க் கிரெவில் என்னும் பழைய ஆங்கிலக் கவிஞரின் பாட்டிலிருந்து பெறப்பட்டது. முன்னுரை வழங்கியவர் நம் சென்னை மருத்துவக் கல்லூரியில் பயின்ற எழுத்தாளர் ஆபிரகாம் வர்கீஸ். நியூயார்க் டைம்ஸின் விற்பனைப் பட்டியலில் 68 வாரங்கள் இடம்பெற்ற அந்நூல், 2017இல் புலிட்சர் பரிசின் இறுதிச் சுற்றுக்கும் தேர்வாயிற்று.

இரு பாதைகள்

பால் மறைவதற்குப் பதினொரு நாள் முன்பு, 2015 பிப்ரவரி 26இல், ஆஸ்திரேலியாவில் ஜெசிக்கா ஐன்ஸ்கோ என்னும் இளம்பெண் மறைந்தார். 2008இல், இருபத்திரண்டாம் வயதில், இடக்கையில் அரிய வகைப் புற்றுநோய் கண்டவர் அவர். நோய் திரும்பியபோது கையை அகற்ற வேண்டுமென்றனர் மருத்துவர்கள். அவர் அதனை ஏற்காமல், பழச்சாறும் காபி எனிமாவும் கொண்ட கெர்சன் முறையைக் கைக்கொண்டார். நலவாழ்வு எழுத்தாளராகப் புகழ் பெற்றார். 2013இல் நூலும் வெளியிட்டார். மார்பகப் புற்றுநோயுற்ற அவர் தாயும் அதே முறையைப் பின்பற்றி அவ்வாண்டே மறைந்தார். அம்முறை புற்றுநோயைக் குணமாக்கும் என்பதற்குச் சான்று ஏதுமில்லை.

அப்பெண்ணைப் பழிப்பது என் நோக்கமன்று. இருபத்திரண்டு வயதில் கையை இழக்கச் சொன்னால் யார்தான் கலங்கமாட்டார்? ஆனால் எழுத்தாளர் என்னும் முறையில் இருவரையும் ஒருங்கே நோக்க வேண்டியவர்களாக உள்ளோம். ஒருவர் வெற்றியை முன்கூட்டியே அறிவித்துவிட்டு எழுதினார். அதனால் நோய் வளர்ந்தபோது அவர் எழுத்து அவரையே சிறைப்படுத்தியது. மற்றவர் முடிவு தெரியாத நிலையிலேயே நின்று எழுதினார். அவர் எழுத்தில் அச்சமும் உண்டு, ஆசையும் உண்டு. அவை எவரையும் தவறான வழிக்கு அழைப்பதில்லை. மனவலிமை இருந்தால் புற்றுநோய் ஓடிவிடும் என்று எழுதுவோர், உயிர் பிழைக்காதவரை மனவலிமை இல்லாதவர் என்று சொல்லாமல் சொல்கின்றனர். நோயின் சுமைமேல் பழியின் சுமையையும் ஏற்றுவது அறமாகுமா?

உவமையின் பொறுப்பு

இங்கே நம் கவிஞர்களிடம் ஒரு விண்ணப்பம். ஊழலைப் புற்றுநோய் என்கிறோம். சாதியைப் புற்றுநோய் என்கிறோம். கவியரங்கில் கைத்தட்டல் எழுகிறது. கைத்தட்டுவோர் நடுவே அந்நோயோடு வாழும் ஒருவர் அமர்ந்திருந்தால், தம் உடலுக்குள் ஊழலும் இழிவும் குடியிருப்பதாக அன்றோ அவர் கேட்க நேரும்? தாமே மார்பகப் புற்றுநோய்க்கு மருத்துவம் பெற்ற சூசன் சொன்டாக், 'நோய் ஓர் உருவகமாக' என்னும் பொருள்படும் தலைப்புடைய நூலில் 1978இலேயே இதனை ஆராய்ந்தார். நோயை நோயாகவே காண்பதுதான் நேர்மை என்பது அவர் துணிபு.

செங்கற்பட்டார்க்கு இதனை நான் விளக்க வேண்டியதில்லை. திருமணியில் தொழுநோய் மருத்துவமனையைப் பல தலைமுறைகளாக அறிந்தவர்கள் நாம். மருந்தால் குணமாகும் நோய் என்றான பின்னும், தொழுநோய் என்னும் சொல் வசைச்சொல்லாக நின்று எத்தனை குடும்பங்களைப் பிரித்தது! உடலின் புண் ஆறிய பின்னும் சொல்லின் புண் ஆறவில்லை. அதே தவற்றைப் புற்றுநோய்க்கும் செய்ய வேண்டுமா? அண்ணா பிறந்த காஞ்சியில், அந்நோயாலேயே 1969இல் மறைந்த அப்பேரறிஞரின் பெயரால் புற்றுநோய் மருத்துவமனை இயங்கி வருகிறது. அடையாற்றில் முத்துலட்சுமி ரெட்டி அம்மையார், இந்நோய்க்குத் தம் தங்கையைப் பறிகொடுத்த துயரிலிருந்து 1954இல் மருத்துவமனை எழுப்பினார். மறைத்து வைக்காமல் காலத்தே வருவோர்க்குக் கதவுகள் திறந்தே உள்ளன. வெளியே சொல்ல நாணி வீட்டுக்குள் காலத்தைக் கழிப்பவர்களுள் பெண்களே மிகுதி என்பதை, பெண்கள் பயிலும் வகுப்பறைகளில் இருபதாண்டுகளாக நிற்பவள் என்ற முறையில் அறிவேன். நாம் ஆளும் சொல் அந்த நாணத்தை வளர்க்கவும் கூடும், போக்கவும் கூடும்.

கிரேக்கர் இந்நோயை நண்டு என்றனர். நாம் புற்று என்றோம். புற்று நமக்கு அச்சம் தருவது மட்டுமன்று. திருவாரூரில் இறைவனே புற்றில் உறைபவன். புற்றிலிருந்து வெளிவந்த வான்மீகியே காவியம் படைத்தார் என்பது தொன்மம். நோய்க்குள்ளிருந்தும் நூல் பிறக்கும் என்பதை நம் சொல்லே ஏற்கிறது.

முற்றுப்பெறாமையின் பெருமை

பால் கலாநிதியின் நூல் முழுமை பெறாதது. உடல் விரைந்து தளர்ந்தமையால் அவர் எண்ணியபடி அதனை முடிக்க இயலவில்லை. மனைவியின் பின்னுரையே அதனை நிறைவு செய்கிறது. நம் மாமல்லபுரத்துக் கடற்கரையில் ஐந்து இரதங்களைப் பார்த்திருக்கிறீர்கள். மேலே சிகரம் செதுக்கப்பட்டிருக்கும். கீழே பாறை பாறையாகவே நிற்கும். மேலிருந்து கீழாகச் செதுக்கிக்கொண்டே வந்த சிற்பிகளின் உளி ஒருநாள் நின்றுவிட்டது. எனினும் ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளாக அவற்றை யாரும் குறைச்சிற்பம் என்று ஒதுக்கியதில்லை. உளி நின்ற இடத்தைக் கண்டுதான் சிற்பி எப்படிச் செதுக்கினான் என்பதைக் கற்கிறோம்.

நிலையாமையைப் பாடுவதற்கென்றே காஞ்சித்திணை வகுத்த மொழி நம் மொழி. அம்மரபில் வந்த நாம், நோயுற்றார்க்குப் பொய்யான உறுதிகளைத் தர வேண்டா. அவர்தம் நோயைப் பிறரை இகழும் உவமையாக்கவும் வேண்டா. அவர்கள் பேசும்போது செவிகொடுப்போம். எழுத விரும்பினால் தாளும் கோலும் கொடுப்போம். அடுத்த பத்தாண்டில் இவ்வட்டத்தின் மேடையில் நோயோடு வாழ்வோரும் வந்து, தம் குரலில் தம் கவிதையைப் படிக்க வேண்டும். அதற்குரிய இடத்தை இன்றே ஒதுக்கி வைக்குமாறு பொறுப்பாளர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.