அம்பேத்கரை எழுதியவர்கள்

(மாணவர் படிப்பு வட்டக் கூட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



அம்பேத்கரைப் பற்றிப் பேசத்தான் கூப்பிட்டார்கள். நான் அவர் வாழ்க்கையை எழுதினவங்களைப் பற்றிப் பேசலாம்னு வந்திருக்கேன். குறிப்பா தனஞ்செய் கீர். மேடையில நாம அடுக்குற தேதிகள், சவுதார் குளம், வட்டமேசை, பூனா ஒப்பந்தம் எல்லாம் பெரும்பாலும் கீர் புத்தகத்திலிருந்து எடுத்ததுதான். க. முகிலன் மொழிபெயர்ப்பில் தமிழிலும் இருக்கிறது. ஆனால் கீர் யாருன்னு கேட்டா பல தோழர்களுக்குத் தெரிவதில்லை.

1913ல் ரத்னகிரியில் பிறந்தவர். பம்பாய் மாநகராட்சியில் வேலை பார்த்துக்கொண்டே எழுதியவர். 1954ல் அம்பேத்கர் வரலாறு வந்தது. அதுக்கு நாலு வருசம் முன்னாடி, 1950ல், அவர் எழுதியது யாருடைய வரலாறு தெரியுமா? சாவர்க்கருடையது. பிறகு 1959ல் திலகர், 1964ல் ஜோதிராவ் புலே, அப்புறம் காந்தி, கோலாப்பூர் சாகு மகாராஜா.

இந்த வரிசையைக் கொஞ்சம் நின்று பாருங்கள். சாகு மகாராஜாவுக்கு வேத மந்திரம் சொல்ல மாட்டேன், நீ சூத்திரன் என்று புரோகிதர் மறுத்த விவகாரம் பெரிய சண்டையாக வெடித்தது. அதில் திலகர் பிராமணர் பக்கம் நின்றார். கீர் திலகரையும் எழுதினார், சாகுவையும் எழுதினார். திலகர் புத்தகத்தின் துணைத் தலைப்பு அவரை விடுதலைப் போராட்டத்தின் தந்தை என்கிறது. புலே புத்தகம் அவரைச் சமூகப் புரட்சியின் தந்தை என்கிறது. ஆளுக்கொரு தந்தைப் பட்டம்! மாமனிதர்கள் எல்லாரையும் ஒரே கூடத்தில் படமாக மாட்டி, எல்லாருக்கும் ஒரே அளவில் மாலை போட்டுவிட்டால், அவர்களுக்குள்ளே நடந்த சண்டை எங்கே போகும்? சுவரில் படம் மட்டும்தான் மிஞ்சும். இன்றைக்கு அம்பேத்கர் படத்தை யார் யாரோ தூக்கிக்கொண்டு வருகிறார்களே, அதற்கு இப்படிப்பட்ட கூடம் ரொம்ப வசதி.

கீரைக் குறை சொல்லி ஒதுக்குவதற்காக இதைச் சொல்லவில்லை. 1954ல் காங்கிரஸ் கொடிகட்டிப் பறந்த நேரத்தில், அம்பேத்கரைப் பற்றி ஆங்கிலத்தில் அவ்வளவு பெரிய புத்தகம் எழுதத் துணிச்சல் வேண்டும். காந்தியோடு நடந்த மோதலை அவர் பூசி மெழுகவும் இல்லை. அந்த மரியாதை அவருக்கு உண்டு. ஒன்றை மட்டும் கவனியுங்கள். முதல் பதிப்பு வந்தபோது பாபாசாகேப் உயிரோடு இருந்தார். 1956 அக்டோபர் 14 நாக்பூர் மதமாற்றம் அதில் கிடையாது. 1962ல் வந்த இரண்டாம் பதிப்பில்தான் சேர்ந்தது. கையிலிருப்பது எந்தப் பதிப்பு என்று பார்த்துவிட்டு மேற்கோள் காட்டுங்கள்.

இன்னொருவர் இருக்கிறார், சாங்தேவ் கைர்மோடே. மகர் சமூகத்தில் பிறந்தவர், அம்பேத்கரோடு நெருங்கிப் பழகியவர். கடிதம், பத்திரிகைத் துணுக்கு எல்லாம் தேடிச் சேர்த்து மராத்தியில் எழுதினார். முதல் தொகுதி 1952ல் வந்துவிட்டது, கீருக்கு இரண்டு வருசம் முன்னாடியே! 1971ல் அவர் இறந்த பிறகும் தொகுதிகள் வந்துகொண்டே இருந்தன. ஆனா நமக்குக் கீரைத்தான் தெரியும். கீர் ஆங்கிலத்தில் எழுதினார், கைர்மோடே மராத்தியில் எழுதினார். வேறென்ன காரணம்?

படிப்பு வட்டத்துல ஒருமுறை கீரை வாசிச்சுக்கிட்டிருந்தோம். 1927 மார்ச் 20, மகாத். பின்னாடி உட்கார்ந்திருந்த ஒரு தம்பி கேட்டான்: "அண்ணே, தலைவர் கூடவே போய்த் தண்ணி குடிச்சவங்க பேரெல்லாம் எங்க இருக்கு?" நல்ல கேள்வி. கீரின் கண் தலைவர் மேலேயே நிற்கும். கூட்டம் கூட்டமாகத்தான் வரும். அந்த மாநாட்டை ஏற்பாடு செய்தவர்களில் ஒருவரான ஆர்.பி. மோரே தன் நினைவுகளை மராத்தியில் எழுதிவைத்தார். ஆங்கிலத்தில் அது 2019ல்தான் வந்தது. அதைப் படித்தால் மாநாட்டுக்குப் பின்னால் எத்தனை பேர் உழைப்பு இருந்தது என்று தெரியும்.

நம்ம பக்கம் வருவோம். 1930ல் அம்பேத்கரோடு வட்டமேசை மாநாட்டுக்குப் போனவர் இரட்டைமலை சீனிவாசன். 1893ல் 'பறையன்' இதழ் தொடங்கியவர். தன் வாழ்க்கையை அவரே சுருக்கமாக எழுதி 1939ல் வெளியிட்டார். நல்லவேளை எழுதினார். அந்த இதழ்கள் பெரும்பாலும் கிடைக்காமலே போய்விட்டன. அயோத்திதாசரின் 'தமிழன்' தப்பியது எப்படி? பௌத்தக் குடும்பங்களும் அன்பு பொன்னோவியம் போன்றவர்களும் பழைய தாள்களைக் காத்து வைத்திருந்தார்கள். அதனால்தான் ஞான. அலாய்சியஸ் 1999ல் தொகுக்க முடிந்தது.

அதனால தோழர்களே, உங்க சேரியிலும் கூட்டம் போட்ட, கேஸ் வாங்கின, ராப்பள்ளிக்கூடம் நடத்தின தாத்தாக்கள், பாட்டிமார் இருப்பாங்க. அவங்க தகரப்பெட்டியில நோட்டீஸ், ரசீது, போட்டோ கிடக்கும். போய்க் கேளுங்க. போட்டோ பின்னாடி பென்சில்ல யார், எந்த ஊர், எந்த வருசம்னு அவங்களைக் கேட்டே எழுதுங்க. ஒரிஜினலை வாங்கிட்டு வராதீங்க, நகல் எடுத்துட்டுத் திருப்பிக் குடுங்க. ஐப்பசி மழை வர்றதுக்குள்ள போங்க, கூரை ஒழுகுற வீடுகள் நிறைய இருக்கு.