உடைத்த கையாலேயே ஈடு
(பெற்றோர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



என் வீட்டில் நடந்ததையே சொல்கிறேன். ஒன்பது வயது மகன் தெருவில் பந்து விளையாடி, எதிர்வீட்டுப் பாட்டியம்மாவின் மூன்று பூந்தொட்டிகளை உடைத்துவிட்டான். நான் அவனை நாலு திட்டு திட்டிவிட்டு, முந்நூறு ரூபாயை எடுத்துக்கொண்டு போனேன். அந்த அம்மா பணத்தைத் தொடவில்லை. "காசு வேணாம் தம்பி, பிள்ளைய அனுப்புங்க" என்றார்கள்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. பணம் கொடுத்திருந்தால் என் பிரச்சினை தீர்ந்திருக்கும். பிள்ளை கற்றிருப்பது ஒன்றே ஒன்றுதான்: எதை உடைத்தாலும் அத்தாவிடம் காசு இருக்கிறது.

நபி (ஸல்) அவர்களின் வீட்டில் நடந்த சம்பவம் ஒன்றை அனஸ் (ரலி) அறிவிக்கிறார்கள், புகாரியில் பதிவாகியுள்ளது. நபியவர்கள் ஒரு மனைவியின் இல்லத்தில் இருந்தபோது, மற்றொரு மனைவி தட்டில் உணவு அனுப்பினார். வீட்டிலிருந்தவர் ரோஷத்தில் பணியாளின் கையைத் தட்டிவிட, தட்டு விழுந்து உடைந்தது. நபியவர்கள் கடிந்துகொள்ளவில்லை. உடைந்த துண்டுகளையும் சிதறிய உணவையும் தாமே பொறுக்கிச் சேர்த்தார்கள். ஆனால் அதோடு விடவும் இல்லை. பணியாளை நிறுத்திவைத்து, உடைத்தவரின் வீட்டிலிருந்தே நல்ல தட்டை வாங்கிக் கொடுத்தனுப்பினார்கள். உடைந்த தட்டு உடைத்தவர் வீட்டிலேயே தங்கியது.

மானமும் காக்கப்பட்டது, ஈடும் கொடுக்கப்பட்டது. நாமோ திட்டி மானத்தை வாங்குகிறோம், ஈட்டை நாமே கட்டிவிடுகிறோம்.

சின்னப் பிள்ளைதானே என்பீர்கள். பருவமடையாத பிள்ளைக்குப் பாவம் எழுதப்படாது, உண்மை. ஆனால் அப்பிள்ளை பிறர் பொருளைச் சேதப்படுத்தினால், அதன் உடைமையிலிருந்தே ஈடு தரவேண்டும் என்பது ஃபிக்ஹ் அறிஞர்களில் பெரும்பாலோரின் கருத்து. பாவம் இல்லை என்பதற்காக அடுத்தவர் உரிமை இல்லாமல் போய்விடாது.

என் மகன் பெருநாள் காசை எடுத்து இரண்டு தொட்டி வாங்கினான். மூன்றாவதற்கு நான் கடன் கொடுத்தேன், வாராவாரம் திருப்பித் தந்தான். மண் நிரப்பி, செடிகளை அவனே நட்டான். முதல் நாள் தலைகுனிந்து போனவன், பத்தாம் நாள் ஓடிவந்து, "அத்தா, நம்ம செடி மொட்டு விட்டிருக்கு" என்றான்.

அடுத்த முறை உங்கள் பிள்ளை எதையாவது உடைத்தால், கையை ஓங்காதீர்கள், பர்ஸையும் எடுக்காதீர்கள். அவன் கையைப் பிடித்து அந்த வீட்டு வாசலுக்கு அழைத்துச் செல்லுங்கள். பேசுவதை அவன் பேசட்டும். நீங்கள் பக்கத்தில் நில்லுங்கள்.