படைக்கு முன்னே நடந்த சொற்கள்



சொல்லையே தொழிலாகவும் தவமாகவும் கொண்டோர் கூடியிருக்கும் அவை இது. பத்தாண்டுக் காலம் சொல்லைப் பேணி வளர்த்த ஓர் இலக்கிய வட்டம் சொல்லின் பெருமையைக் கொண்டாடுவது இயல்பே. அதே நாளில் சொல் செய்த குற்றத்தையும் ஒருமுறை எண்ணிப் பார்ப்பது பொருந்தும். போர் எதுவும் நிகழாமலேயே ஒரு நாடு இன்னொரு நாட்டின் வயிற்றுக்குள் போன வரலாறு ஒன்று உண்டு. அவ்வரலாற்றில் படை பின்னே வந்தது; சொல் முன்னே நடந்தது. 1938 மார்ச் மாதத்தில் ஆஸ்திரியாவை ஹிட்லரின் ஜெர்மனி விழுங்கிய வரலாறே அது.

அந்நிகழ்ச்சியை உலகம் இன்றும் 'அன்ஷ்லுஸ்' என்ற ஜெர்மன் சொல்லாலேயே அழைக்கிறது. இணைப்பு என்பது அதன் பொருள். ஓர் இரயிலிலிருந்து இறங்கி மற்றோர் இரயிலைப் பிடிப்பதற்கும், வீட்டுக்குத் தொலைபேசித் தொடர்பு பெறுவதற்கும் அம்மொழியில் வழங்கும் எளிய, வீட்டுப் பழக்கமுள்ள சொல் அது. கவர்தல், பறித்தல், அடக்குதல் என்னும் பொருளின் நிழல்கூட அதில் இல்லை. அச்சொல் ஹிட்லர் படைத்ததும் அன்று. முதல் உலகப் போரில் ஹாப்ஸ்பர்க் பேரரசு சிதறியபோது, எஞ்சிய சிறு நாடு தனித்து வாழ இயலுமா என ஆஸ்திரியர் பலரும் ஐயுற்றனர். 1918 நவம்பர் 12-ஆம் நாள் வியன்னாவில் கூடிய தற்காலிக தேசிய சபை, தம் நாடு ஜெர்மன் குடியரசின் ஒரு பகுதி என்றே அறிவித்தது. 1919-இல் வெற்றி பெற்ற வல்லரசுகள் சான் ஜெர்மேன் உடன்படிக்கையின் வழியே அதனைத் தடுத்தன. ஆக, ஒரு காலத்தில் குடியாட்சி விரும்பிகளின் நேர்மையான வேட்கையைச் சுமந்த சொல் அது. 1933-இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தபின் ஆஸ்திரிய சமூக ஜனநாயகக் கட்சியினர் அவ்வேட்கையைக் கைவிட்டனர். சொல் மட்டும் கைமாறியது. கைமாறிய சொல்லின் முகம் பழையதாகவே இருந்ததுதான் அதன் ஆபத்து.

ஒரே மொழி, ஆகவே ஒரே மக்கள், ஆகவே ஒரே ஆட்சி என்பதே பெரிய நாட்டின் வாதம். மொழியை நேசிப்போர் உள்ளத்தில் எளிதில் புகக்கூடிய வாதம் இது. அதன் பின்னே நடந்தவையோ அன்பின் செயல்களாக இல்லை. ஆஸ்திரியாவுக்குச் செல்ல விரும்பும் ஜெர்மானியர் ஒவ்வொருவரும் 1,000 மார்க் கட்ட வேண்டும் என 1933 மே மாதத்தில் ஆணை பிறந்தது. சுற்றுலாவை நம்பி வாழ்ந்த மலைநாட்டின் மடியில் விழுந்த அடி அது. 1934 ஜூலை 25 அன்று ஆஸ்திரிய நாஜிகள் பிரதமர் டால்ஃபுஸை அவருடைய அலுவலகத்திலேயே சுட்டுக் கொன்றனர். அன்று இத்தாலியின் முசோலினி எல்லையை நோக்கிப் படையை நகர்த்தியதால் ஆட்சிக் கவிழ்ப்பு நிறைவேறவில்லை. 1936 ஜூலையில் ஓர் உடன்படிக்கை வந்தது. ஆஸ்திரியாவின் முழு இறையாண்மையை ஜெர்மனி ஏற்பதாக அதில் எழுதப்பட்டது. ஆஸ்திரியா தன்னை ஒரு ஜெர்மன் நாடாகக் கருதி நடக்கும் என்றும் எழுதப்பட்டது. முதல் வாக்கியம் தந்ததை இரண்டாம் வாக்கியம் திரும்பப் பெற்றுக்கொண்டது.

வீட்டின் உள்ளும் உளுத்திருந்தது என்பதை மறைத்தல் ஆகாது. 1933-இல் நாடாளுமன்றத்தை முடக்கியவரும், 1934 பிப்ரவரியில் தொழிலாளர் இயக்கத்தைப் பீரங்கி கொண்டு அடக்கியவரும் டால்ஃபுஸ்தாம். அவருக்குப்பின் வந்த ஷுஷ்னிக்கும் அவ்வழியிலேயே ஆண்டார். தன் மக்களின் வாயைக் கட்டிய ஆட்சி, ஆபத்து வேளையில் அதே மக்கள் தனக்காகக் குரல் கொடுக்க வேண்டும் என எதிர்பார்த்தது.

1938 பிப்ரவரி 12-ஆம் நாள் ஹிட்லர் தம் மலைமாளிகைக்கு ஷுஷ்னிக்கை வரவழைத்து, படைத்தலைவர்களையும் அருகில் நிறுத்திக்கொண்டு மிரட்டினார். நாஜிகளுக்கு வேண்டியவரான சைஸ்-இன்க்வார்ட்டிடம் உள்துறையை, அதாவது காவல்துறையை, ஒப்படைக்க நேர்ந்தது. மார்ச் 9 அன்று ஷுஷ்னிக் இன்ஸ்ப்ரூக் நகரில் எழுந்து நின்றார். நாடு விடுதலையாய் இருக்க வேண்டுமா என மக்களையே கேட்கப் போவதாகவும், மார்ச் 13 அன்று வாக்கெடுப்பு என்றும் அறிவித்தார். அவ்வாக்கெடுப்பின் முறை குறையற்றதன்று. எனினும் ஒரு கேள்வி கேட்கப்படுவதையே பெர்லின் பொறுக்கவில்லை.

மார்ச் 11 அன்று நிகழ்ந்தவை சொல்லாராய்ச்சி செய்வோர் ஊன்றிக் கற்கத்தக்கவை. பெர்லினில் அமர்ந்திருந்த கோரிங் தொலைபேசி வழியாகவே வியன்னாவின் அரசை மாற்றி அமைத்தார். வாக்கெடுப்பை நிறுத்துக, பிரதமர் விலகுக, சைஸ்-இன்க்வார்ட்டைப் பிரதமராக்குக. ஒவ்வொரு கோரிக்கையும் நிறைவேறியவுடன் அடுத்தது வந்தது. மாலையில் ஷுஷ்னிக் வானொலியில் விடைபெற்றார். தெருக்களில் இரத்த ஆறு ஓடுவதாகப் பரப்பப்பட்ட செய்திகள் முழுப் பொய் என்று உலகுக்கு அறிவித்து, படையை எதிர்க்க வேண்டாம் எனப் பணித்து அகன்றார். இரவு 8.45 மணிக்கு, ஆஸ்திரியாவுக்குள் நுழையும்படி ஹிட்லர் கட்டளையிட்டார். அதற்குப் பின்னர்த்தான் கோரிங் வியன்னாவிலிருந்த கெப்ளர் என்பவரைத் தொலைபேசியில் அழைத்து ஒரு தந்தியின் வாசகத்தைச் சொல்லி எழுதச் செய்தார். ஆஸ்திரியாவின் புதிய அரசு, அமைதியைக் காக்கவும் இரத்தக்களரியைத் தவிர்க்கவும் ஜெர்மன் படையை விரைந்து அனுப்புமாறு வேண்டிக்கொள்வதாக அமைந்த தந்தி அது. சைஸ்-இன்க்வார்ட் அதனை அனுப்பவும் தேவையில்லை, 'சம்மதம்' என்று ஒரு சொல் சொன்னால் போதும் என்றும் கோரிங் கூறினார். வருகிறவனே எழுதிக்கொண்ட அழைப்பிதழ்! ஆடு நனைகிறதே என்று அழுத ஓநாய், ஆட்டின் பெயரால் கடிதமும் எழுதிக்கொண்டது. அந்த உரையாடல்களின் பதிவுகள் போருக்குப்பின் நூரெம்பர்க் விசாரணையில் சான்றாக வைக்கப்பட்டதால் உலகம் இதனை அறிந்தது.

மறுநாள் காலை படை புகுந்தது. பல ஊர்களில் மலர் தூவி வரவேற்றனர் என்பதும் உண்மை. 13-ஆம் நாள் வெளியான சட்டம் அந்நிகழ்ச்சிக்கு 'மறு இணைப்பு' எனப் பெயரிட்டது. அந்த 'மறு' என்னும் சிறு முன்னொட்டைக் கவிஞர்கள் உற்று நோக்க வேண்டும். 1871-இல் உருவான ஜெர்மன் பேரரசில் ஆஸ்திரியா ஒருபோதும் அங்கமாக இருந்ததில்லை. இல்லாத பழைய உறவை ஒரு முன்னொட்டு உண்டாக்கிவிட்டது.

ஷுஷ்னிக் கேட்க விரும்பிய கேள்வி மறுக்கப்பட்டு, ஏப்ரல் 10 அன்று வேறொரு கேள்வி கேட்கப்பட்டது. வாக்குச்சீட்டின் நடுவில் 'ஆம்' என்பதற்குப் பெரிய வட்டம். ஒரு பக்கத்தில் 'இல்லை' என்பதற்குச் சிறிய வட்டம். வாக்காளரை அச்சீட்டு 'நீ' என்று ஒருமையில் விளித்தது. முடிந்துபோன செயலுக்கு உடன்படுகிறாயா, தலைவரின் பட்டியலுக்கு வாக்களிக்கிறாயா என இரண்டு கேள்விகளை ஒன்றாக்கிக் கேட்டது. யூதர்களுக்கும், அரசியல் எதிரிகளாகச் சிறைப்பட்டோருக்கும் வாக்கில்லை. கார்டினல் இன்னிட்சரும், முன்னாள் பிரதமர் கார்ல் ரென்னரும் 'ஆம்' என்றே கூறினர். ஆஸ்திரியாவில் 99.73 விழுக்காடு 'ஆம்' என அறிவிக்கப்பட்டது.

அவ்வாரங்களில் வியன்னாவின் தெருக்களில் யூத ஆடவரும் பெண்டிரும் முதியோரும் மண்டியிட்டுத் தூரிகையால் தரையைத் தேய்க்குமாறு நிர்ப்பந்திக்கப்பட்டனர். சூழ்ந்து நின்ற கூட்டம் சிரித்தது. அவர்கள் தேய்த்து அழித்தவை பெரும்பாலும் ஷுஷ்னிக்கின் வாக்கெடுப்புக்காகத் தரையில் எழுதப்பட்டிருந்த முழக்கங்கள். விடுதலை என்ற சொல்லை அழிக்கும் வேலையும், அதனை இழந்தவர் கையிலேயே கொடுக்கப்பட்டது.

பின்னர் பெயர் அழிந்தது. ஆஸ்திரியா 'ஓஸ்ட்மார்க்' ஆயிற்று. கிழக்கு எல்லைப்புறம் என்பது அதன் பொருள். மேல் ஆஸ்திரியா, கீழ் ஆஸ்திரியா என்னும் மாநிலப் பெயர்கள்கூட மேல் டான்யூப், கீழ் டான்யூப் என மாற்றப்பட்டன. 1942-இல் ஓஸ்ட்மார்க் என்பதும் நீங்கி, ஆல்ப்ஸ், டான்யூப் மாவட்டங்கள் என்று மலையும் ஆறும் மட்டுமே எஞ்சின. நாட்டின் மைய வங்கியிலிருந்த ஏறத்தாழ 78 டன் பொன் பெர்லினுக்குப் போனது. உலக நாடுகளின் சங்கத்தில் முறைப்படி எதிர்ப்பைப் பதிவு செய்தது மெக்சிகோ ஒன்றே. வியன்னாவின் ஒரு சதுக்கம் 1956 முதல் அந்நாட்டின் பெயரைத் தாங்கி நிற்கிறது. பிற நாடுகளின் மௌனம் அடுத்த பலிக்கு வழி திறந்தது. மூன்று புறமும் சூழப்பட்ட செக்கோஸ்லோவாக்கியா 1938 செப்டம்பரில் மியூனிக்கில் துண்டாடப்பட்டது. அதன் தூதர்க்கு அவ்வறையில் இடமில்லை. 1939 மார்ச்சில் பிராக் நகரும் வீழ்ந்தது. அங்கே வழங்கிய சொல் 'பாதுகாப்பு'. 1939 செப்டம்பர் 1 அன்று போர் தொடங்கியபோது, அதற்கு முந்தைய போர் சொற்களால் நடந்து முடிந்திருந்தது.

இவ்வரலாற்றில் கவிஞர்கள் எங்கிருந்தனர்? 1938-ஆம் ஆண்டிலேயே வியன்னாவில் 'ஆஸ்திரியக் கவிஞர்களின் உறுதிமொழி நூல்' என்ற தொகுப்பு வெளிவந்தது. மாக்ஸ் மெல் தலைமையேற்றிருந்த எழுத்தாளர் சங்கம் அதனை வெளியிட்டது. எழுபது பேரளவில் எழுதியிருந்தனர். நாடு தன் வீடு திரும்பியதாகப் போற்றியோருள் யோசேஃப் வைன்ஹேபரும் ஒருவர். அவர் சொல்வன்மையற்றவர் அல்லர், யாப்பில் கைதேர்ந்தவர். அந்தத் தேர்ச்சி அவரைக் காக்கவில்லை. 1945 ஏப்ரலில், சோவியத் படை நெருங்கிய நாட்களில், அவர் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார்.

பண்பாட்டு வரலாறு எழுதிய எகோன் ஃபிரீடல், 1938 மார்ச் 16 அன்று படையினர் தம் வீட்டு வாயிலுக்கு வந்தபோது சன்னல் வழியே குதித்து இறந்தார். கீழே நடப்போரை விலகி நிற்குமாறு எச்சரித்துவிட்டே குதித்தார் எனக் கூறுவர். யூரா சொய்ஃபர் என்னும் இளங்கவிஞர் மார்ச் 13 அன்று பனிச்சறுக்குக் கட்டைகளுடன் சுவிட்சர்லாந்து எல்லையைக் கடக்க முயன்று பிடிபட்டார். டாக்காவ் முகாமில் அடைக்கப்பட்டார். உழைப்பு விடுதலை தரும் என்று அம்முகாமின் வாயிற்கதவில் பொறிக்கப்பட்டிருந்தது. அந்தப் பொய்யையே எடுத்து, அதன் கூர்முனையைத் திருப்பி அவர் ஒரு பாடல் புனைந்தார். உடனிருந்த கைதி ஹெர்பர்ட் சிப்பர் அதற்கு மெட்டமைத்தார். தாளில் எழுதினால் உயிர் போகும். ஆகவே அது வாயிலிருந்து செவிக்குப் போய் நினைவில் நின்றது. 1939 பிப்ரவரி 16 அன்று புகன்வால்ட் முகாமில் காய்ச்சல் கண்டு சொய்ஃபர் இறந்தார். அவருக்கு வயது 26.

ஹிட்லர் வியன்னாவின் மாவீரர் சதுக்கத்தில் பேசிய 1938 மார்ச் 15 அன்று, அக்கூட்டத்தில் பன்னிரண்டு வயதுச் சிறுவன் ஒருவன் நின்றிருந்தான். அவன் பின்னாளில் கவிஞர் எர்ன்ஸ்ட் யாண்டல் ஆனான். 1962-இல் அவர் அச்சதுக்கத்தைப் பாடியபோது, ஜெர்மன் சொற்களை உடைத்து, உருக்குலைத்து, ஒன்றோடொன்று ஒட்டிப் பாடினார். முழுச் சொற்கள் அனைத்தும் அந்நாளில் கறைபட்டிருந்தன. உடைந்த சொல்லால் மட்டுமே அந்த நாளைச் சொல்ல இயன்றது. அரசு அவ்விடத்துக்கு வர மேலும் பல ஆண்டுகள் ஆயின. தாம் முதற்பலி மட்டுமே எனச் சொல்லி வந்த நாட்டின் பிரதமர் ஃபிரானிட்ஸ்கி, 1991 ஜூலை 8 அன்றுதான் ஆஸ்திரியரின் உடன்பொறுப்பை நாடாளுமன்றத்தில் ஒப்புக்கொண்டார்.

கவிஞர் பெருமக்கள் தம் முன் ஒரு புதிய சொல் வந்து நிற்கும்போது அதன் ஓசையையும் அழகையும் ஆராய்வர். அச்சொல்லை எழுதியவர் யார், எவர் பெயரால் எழுதினார், அது எதனை மூடி நிற்கிறது என்றும் ஆராய வேண்டும். இணைப்பு, மறு இணைப்பு, பாதுகாப்பு, அமைதி ஆகிய அனைத்தும் நல்ல சொற்களே. நல்ல சொற்களைக் கொண்டே அந்நாடு அழிக்கப்பட்டது.

உறுதிமொழி நூல் நல்ல தாளில் அச்சாகி இன்று சான்றாக மட்டும் இருக்கிறது. தாளே இன்றிப் பிறந்த சொய்ஃபரின் பாடல் இன்றும் பாடப்படுகிறது. பதினோராம் ஆண்டில் அடியெடுத்து வைக்கும் இவ்வட்டம் எந்தச் சொல்லின் பக்கம் நிற்க வேண்டும் என்பதை அவ்விரண்டும் சொல்லும்.

வட்டம் வளர்க.