மூத்த மகளின் கல்வி



புழல் ஏரியின் நீர் நூறாண்டுகளுக்கும் மேலாகச் சென்னை மக்களின் தாகம் தீர்த்து வருகிறது. அவ்வேரியின் அருகே வாழும் நம் இல்லங்களிலோ, தண்ணீர்க் குடம் சுமக்கும் கடமை பெரும்பாலும் மூத்த மகளுக்கே உரியதாயிற்று. தந்தை மணலிக்கோ எண்ணூருக்கோ ஆலை வேலைக்குச் செல்வார். தாய் சித்தாள் வேலைக்குச் செல்வார். தம்பியை இடுப்பில் சுமப்பவளும் அடுப்பை மூட்டுபவளும் அவளே. இதனைப் பாசம் என்கிறோம். பாசந்தான், ஐயமில்லை. ஆனால் அப்பாசத்திற்கு விலையாக அவளுடைய படிப்பையன்றோ வாங்கிவிடுகிறோம்!

1942 ஜூலை 20ஆம் நாள் நாகபுரியில் கூடிய தாழ்த்தப்பட்ட வகுப்பு மகளிர் மாநாட்டில், ஒரு சமுதாயத்தின் முன்னேற்றத்தை அதன் பெண்கள் அடைந்த முன்னேற்றத்தைக் கொண்டே தாம் அளப்பதாக அண்ணல் அம்பேத்கர் கூறினார். பிள்ளைகளின் திருமணத்திற்கு அவசரப்பட வேண்டாம் என்றும் அறிவுறுத்தினார்.

1989ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டம் குடும்பச் சொத்தில் மகளுக்கும் சம உரிமை அளித்தது. நிலமும் வீடும் இல்லாத நம் குடும்பங்களில் பங்கிடுவதற்கு உள்ள சொத்து கல்வி ஒன்றே. அதிலும் மகளின் பங்கை மறுப்பது முறையாகுமா?

ஆகவே பெற்றோர்களே, குடத்தை மகனும் சுமக்கட்டும். அடுப்படியில் அவனும் துணை நிற்கட்டும். மாலையில் விளக்கின்முன் இருவரும் புத்தகத்தோடு அமரட்டும்.